சுமோ வீரர் முகத்தில் ஏன் சிவப்புக் கோடு? (முப்பது வருடம் தாமதமாக ஒரு திருத்தம்)

இது கொஞ்சம் நீளமான பதிவு. அவசரத்தில் இருப்பவர்கள் ராத்திரி சாப்பாடு முடித்துவிட்டு வந்து படியுங்கள். லைக் போடாவிட்டாலும் கோபம் இல்லை, பாதியில் மட்டும் விட்டுவிடாதீர்கள்.

1995ல் நான் ஏழாம் வகுப்புக்குச் சமூக அறிவியல் எடுத்துக்கொண்டிருந்தேன். பஸ் ஸ்டாண்டு பக்கம் வீடியோ கேம் கடை வந்த புதிது. பையன்கள் பஸ் காசை அங்கே கொண்டுபோய்க் கொட்டுகிறார்கள் என்று பெற்றோர் வந்து புலம்புவார்கள். ஒருநாள் வரலாற்று நோட்டுகளைத் திருத்தும்போது ஒரு பையனுடைய நோட்டின் கடைசிப் பக்கத்தில் ஒரு தடியான உருவம். உச்சியில் கொண்டை, இடுப்பில் துணி, கண்களைச் சுற்றிச் சிவப்புக் கோடுகள். சிவப்பு மை ஆசிரியருக்கு மட்டும்தான் என்பது அந்தக் காலத்துச் சட்டம். அதற்கே எனக்குக் கோபம்.

"யாருடா இது?"

"ஹோண்டா டீச்சர். சுமோ. ஜப்பான்காரர்." சொல்லிவிட்டு அவனே திருப்பிக் கேட்டான். "டீச்சர், இவரு முகத்துல ஏன் கோடு போட்டிருக்காரு?"

எனக்குத் தெரியாது. தெரியாது என்று சொல்லியிருக்கலாம். "சுமோக்காரங்க எல்லாரும் அப்படித்தான் போட்டுக்குவாங்க" என்று சொல்லி, அந்தத் தாளைக் கிழித்துக் குப்பைக்கூடையில் போட்டேன். நாற்பது பிள்ளைகள் பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

அந்தப் பையன் இப்போது பெங்களூரில் கம்ப்யூட்டர் விளையாட்டுகளுக்குப் பாத்திரங்களை உருவாக்கும் வேலையில் இருக்கிறான். போன மாதம் போன் செய்தான். குடும்ப விஷயமெல்லாம் பேசி முடித்துவிட்டு, சிரித்துக்கொண்டே, "டீச்சர், அன்னிக்கு நீங்க சொன்னது தப்பு. சுமோக்காரங்க முகத்துல ஒண்ணும் பூச மாட்டாங்க. அது கபுகி நாடக வேஷம்" என்றான்.

வகுப்பில் தப்பாகச் சொல்லிவிட்டால் மறுநாள் முதல் வேலையாகத் திருத்திச் சொல்ல வேண்டும் என்று பயிற்சிப் பள்ளியில் எங்களுக்குச் சொல்லிக்கொடுத்திருந்தார்கள். எனக்கு அந்த மறுநாள் முப்பது வருடம் கழித்து வந்திருக்கிறது. ஒரு மாதமாக இதையே படித்தேன். கபுகி நாடகங்களையும், அவன் அனுப்பிய விளையாட்டுக் காட்சிகளையும் போனில் பார்த்தேன். நான் ஆராய்ச்சியாளர் இல்லை, இடைநிலை ஆசிரியை. எனக்குப் புரிந்த அளவில் சொல்கிறேன்.

கபுகி தொடங்கியது 1603ஆம் ஆண்டு. (இங்கிலாந்தில் முதலாம் எலிசபெத் ராணி இறந்த அதே வருடம். ஆண்டுகளை இப்படி ஜோடி சேர்த்து மனப்பாடம் செய்யச் சொன்னது ஞாபகம் இருக்கிறதா?) கியோத்தோ நகரத்தில் கமோ ஆறு ஓடுகிறது. தண்ணீர் வற்றிய அதன் மணலில் ஒகுனி என்ற பெண் தன் குழுவோடு ஆடினாள். ஆண் வேஷம் கட்டி, இடுப்பில் வாளைச் செருகிக்கொண்டு ஆடினாள் என்கிறார்கள். கபுகி என்ற சொல்லின் வேரில் 'சாய்ந்து நிற்பது, நேர்வழியில் இல்லாமல் விசித்திரமாக நடப்பது' என்ற பொருள் இருக்கிறது. கூட்டம் அலைமோதியது. பெண்கள் மேடை ஏறுவதால் ஒழுக்கம் கெடுகிறது என்று 1629ல் அரசு தடை போட்டது. பிறகு இளைஞர்கள் ஆடினார்கள், 1652ல் அதற்கும் தடை. கடைசியில் வளர்ந்த ஆண்கள் மட்டும் ஆடலாம் என்று ஆயிற்று. பெண் பாத்திரத்தையும் ஆணே ஏற்கும் 'ஒன்னகாத்தா' மரபு அப்படி வந்தது. ஒரு பெண் தொடங்கி வைத்த கலையில் பெண்ணுக்கே இடம் இல்லாமல் போன கதை இது. இதை நினைவில் வையுங்கள், பின்னால் மறுபடியும் வருவேன்.

இனி முகத்துக்கு வருவோம். இன்றைய தோக்கியோவுக்கு அன்று எதோ என்று பெயர். அங்கே 1673ல், பதினான்கு வயதுப் பையன் ஒருவன், மாயசக்தி கொண்ட வீரன் கிந்தோக்கியாக வேஷம் கட்டி, முகத்தில் சிவப்பும் கறுப்பும் தீட்டிக்கொண்டு மேடை ஏறினான் என்பது மரபுவழிச் செய்தி. அவன்தான் முதலாம் இச்சிகாவா தன்ஜூரோ. ஆர்ப்பாட்டமாக, காலை ஓங்கி உதைத்து, கண்ணை உருட்டி நடிக்கும் 'அராகொத்தோ' பாணிக்கு அவர்தான் முன்னோடி. 1704ல் இன்னொரு நடிகர் குத்தியதால் மேடையிலேயே உயிர் விட்டார். அவர் மகன் இரண்டாம் தன்ஜூரோ அந்த முகக்கோடுகளை மெருகேற்றினார். கோட்டின் ஒரு விளிம்பு கூர்மையாக இருக்கும், மறு விளிம்பை விரலால் தேய்த்து மங்கச் செய்வார்கள். பியோனி மலரின் இதழ்களைப் பார்த்து அவருக்கு இந்த யோசனை வந்தது என்கிறார்கள். அந்தப் பெயர் இன்றும் தொடர்கிறது. 2022 நவம்பரில் பதின்மூன்றாம் தன்ஜூரோ பட்டம் ஏற்றார்.

இந்த முகம் தீட்டும் முறைக்குக் 'குமாதோரி' என்று பெயர். நிழலைப் பிடிப்பது என்று பொருள் கொள்ளலாம். முதலில் முகம் முழுக்க வெள்ளை. அதன்மேல் கோடுகள். சிவப்பு என்றால் வீரம், நியாயமான கோபம், இளமை. நீலம் என்றால் கெட்டவன், பொறாமை, பேய். பழுப்பு என்றால் மனிதரே இல்லை, பூதம் அல்லது ராட்சசன். நாயகன் வாயைத் திறப்பதற்கு முன்பே அவன் யார் என்று கடைசி வரிசைக்காரருக்கும் தெரிந்துவிடும். தெரிந்தாக வேண்டும், ஏனென்றால் அன்று மின்சாரம் கிடையாது. ஜன்னல் வெளிச்சமும் மெழுகுவர்த்தியும்தான். முக்கியமான கட்டத்தில் ஒரு நீளக் கம்பின் நுனியில் மெழுகுவர்த்தியை ஏற்றி, நடிகரின் முகத்துக்கு நேராக உதவியாளர் பிடித்திருப்பார். அந்த அசையும் சின்ன வெளிச்சத்தில் பளிச்சென்று தெரிய, வெள்ளையும் சிவப்பும் கறுப்பும் போல வேறு எது உதவும்?

(நம் கூத்து வேஷங்கள் உங்களுக்கு ஞாபகம் வரும், எனக்கும் வந்தது. ஆனால் இரண்டும் தனித்தனி மரபுகள். இங்கே கலக்க வேண்டாம்.)

அந்தக் கோடுகள் இஷ்டத்துக்குப் போட்டவை கிடையாது. முகத் தசைகள் ஓடுகிற வழியில் போடுகிறார்கள். கோபப்பட்டால் நெற்றியில் எங்கே புடைக்கும், கன்னத்தில் எங்கே இழுக்கும், அந்த இடத்தில் சிவப்பு. அதனால் நடிகர் முகத்தை அசைக்கும்போது கோடும் உயிரோடு அசைகிறது. இதை நான் போனில் சொன்னபோது என் மாணவன் சத்தம் போட்டான். "டீச்சர், எங்க வேலையே அதுதான்!"

அவன் விளக்கியதை எனக்குப் புரிந்தபடி எழுதுகிறேன். கம்ப்யூட்டரில் ஒரு முப்பரிமாண முகத்தை உருவாக்கும்போது அதைச் சின்னச் சின்ன நாற்கரங்களாகப் பின்னுகிறார்கள், மீன் வலை மாதிரி. அந்த வலையின் இழைகள் கண்ணைச் சுற்றி வட்டமாகவும், வாயைச் சுற்றி வட்டமாகவும், கன்னத் தசை போகிற திசையிலும் ஓட வேண்டும். தசைக்குக் குறுக்கே ஓடினால், பாத்திரம் சிரிக்கும்போது கன்னம் கசங்கிய காகிதம் மாதிரி ஆகிவிடுமாம். வேலைக்குச் சேர்ந்த முதல் வருடம் அவன் வரைந்த முகங்கள் எல்லாம் அப்படித்தான் கசங்கினவாம். மூத்தவர் ஒருவர் அவனை உட்கார வைத்து ஒரு கபுகி முகத்தின் படத்தைக் காட்டி, "இந்தக் கோட்டு வழியா உன் வலையைப் போடு" என்றாராம். முந்நூறு வருடத்துக்கு முன்னால் அந்த நடிகர்கள் கண்ணாடி முன் உட்கார்ந்து கண்டுபிடித்ததும் இதே பாதையைத்தான் என்பது எனக்குப் பெரிய ஆச்சரியம்.

ஆனால் ஆரம்பத்தில் திரையில் வலையும் இல்லை, தசையும் இல்லை. சின்னச் சின்னச் சதுரப் புள்ளிகள் மட்டும்தான். 1981ல் வந்த மாரியோவுக்கு ஏன் மீசையும் தொப்பியும் தெரியுமா? அத்தனை கொஞ்சம் புள்ளிகளில் வாயும் தலைமுடியும் வரைய முடியவில்லை, அதனால் மீசை, அதனால் தொப்பி. 1983ல் நிண்டெண்டோ வெளியிட்ட ஃபேமிகாம் இயந்திரத்தில் அசையும் உருவத்தின் ஒவ்வொரு துண்டுக்கும் மூன்று நிறங்கள்தான் அனுமதி. நான் நோட்டில் எழுதிக்கொண்டேன்: வெள்ளை, சிவப்பு, கறுப்பு, மூன்று. மெழுகுவர்த்தி நாடகசாலைக்கும் அந்த இயந்திரத்துக்கும் இருந்த சிக்கல் ஒன்றே. தூரத்திலிருந்து, ஒரு நொடியில், இவன் யார் என்று தெரிய வேண்டும். ஜப்பானியக் கலைஞர்கள் விடையை வேறு எங்கோ தேட வேண்டியிருக்கவில்லை, அவர்கள் தாத்தா பார்த்த மேடையிலேயே இருந்தது.

எத்தனையோ உதாரணங்கள். எனக்குப் பிடித்தவற்றை மட்டும் சொல்கிறேன். 1991ல் அமெரிக்காவில் வெளியான 'கபுகி குவாண்டம் ஃபைட்டர்' என்று ஒரு ஆட்டம். கம்ப்யூட்டருக்குள் புகுந்த கிருமியை ஒழிக்க ஒரு வீரனையே தகவலாக மாற்றி உள்ளே அனுப்புகிறார்கள். உள்ளே போனதும் அவன் கபுகி நடிகரான தன் மூதாதையரின் உருவம் எடுக்கிறான். எதிரியை எதனால் அடிக்கிறான் தெரியுமா? தலைமுடியால்! கேட்டதும் சிரித்துவிட்டேன். பிறகு கபுகியின் சிங்க நடனத்தைப் பார்த்தேன். தந்தை சிங்கத்துக்கு வெள்ளை முடி, குட்டிக்குச் சிவப்பு முடி, தரையைத் தொடும் நீளம். இருவரும் கழுத்தைச் சுழற்ற அந்த முடி சக்கரமாகச் சுற்றுகிறது. சிரிப்பு நின்றுவிட்டது. 1993ல் வந்த 'சாமுராய் ஸ்பிரிட்ஸ்' சண்டை விளையாட்டில் சென்ரியோ கியோஷிரோ என்ற பாத்திரம் நேரடியாகவே ஒரு கபுகி நடிகர்.

இந்தச் சண்டை விளையாட்டுகளில் பெரிய வித்தையை எடுத்துவிடும் முன் திரை ஒரு கணம் உறைந்து நிற்கும், உங்கள் பிள்ளைகள் விளையாடும்போது கவனியுங்கள். கபுகியில் அதற்கு இணையாக 'மியே' இருக்கிறது. உணர்ச்சி உச்சத்துக்கு வந்ததும் நடிகர் தலையைச் சுழற்றி, கண்ணை உருட்டி, சிலையாக நின்றுவிடுவார். மேடை ஓரத்தில் ஒருவர் இரண்டு மரக்கட்டைகளால் பலகையில் பட் பட்டென்று அடிப்பார். கூட்டத்திலிருந்து ரசிகர்கள் அந்த நடிகரின் குடும்பப் பெயரைக் கூவுவார்கள். தன்ஜூரோ குடும்பம் என்றால் "நாரிதாயா!". உறைந்த அந்த ஒரு கணத்தைத்தான் அன்றைய மரச்செதுக்கு ஓவியர்கள் படமாக விற்றார்கள். 1794, 95ல் பத்தே மாதம் வரைந்துவிட்டுக் காணாமல் போன ஷாராக்கு என்ற ஓவியர் நடிகர்களின் முகங்களை அப்படி வரைந்தார். சுமோக்காரர்களையும் வரைந்தார். அவர் படத்திலும் சுமோக்காரர் முகத்தில் கோடு இல்லை!

ஆடை மாற்றமும் அப்படியே. தைத்திருக்கும் நூலை உதவியாளர் உருவினால் மேலாடை கழன்று, கண் இமைக்கும் நேரத்தில் நடிகர் வேறு ஆளாக நிற்பார். அந்த உதவியாளர்களில் பலர் தலை முதல் கால் வரை கறுப்பு உடுத்தி மேடையிலேயே நடமாடுவார்கள். கறுப்பு என்றால் அங்கே ஆள் இல்லை என்று கணக்கு, பார்ப்பவர்கள் கண்டுகொள்ள மாட்டார்கள். விளையாட்டில் கடைசி எதிரி தோற்றது போல் விழுந்து, பிறகு நிஜ உருவத்தோடு எழுந்து வருகிறானே, அதைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு இப்போது அந்த உருவப்பட்ட நூல் ஞாபகம் வருகிறது.

எல்லாவற்றிலும் என் மனத்தைத் தொட்டது 2006ல் வந்த 'ஓகாமி'. நாயகி ஒரு வெள்ளை ஓநாய், சூரிய தெய்வம் அமதெராசு. முகத்திலும் உடம்பிலும் குமாதோரி போலச் சிவப்புக் கோடுகள். திரை முழுவதும் தூரிகை ஓவியமாக அசைகிறது. இதில் ஒரு நுட்பம். அந்தச் சிவப்புக் கோடுகள் விளையாடுபவருக்குத் தெரியும், கதையில் வரும் சாதாரண ஜனங்களுக்குத் தெரியாது. அவர்களுக்கு அது வெறும் வெள்ளை ஓநாய். மை தீர்ந்து சக்தி போய்விட்டால் நம் கண்ணுக்கும் கோடுகள் மறைந்துவிடும். கோடு என்பது தெய்வத்தின் சக்தி என்ற பழைய அர்த்தத்தை இங்கே சரியாகப் பிடித்திருக்கிறார்கள்.

எல்லோரும் அப்படிப் பிடிக்கவில்லை. நம் ஹோண்டாவையே பாருங்கள். 1991ல் 'ஸ்ட்ரீட் ஃபைட்டர் 2' விளையாட்டுக்காக உருவானவர். உலகத்துக்குச் சுமோவின் பெருமையைக் காட்டக் கிளம்பியவர் என்று கதை. ஆனால் நிஜ சுமோ வீரர் கொண்டையும் இடுப்புத் துணியுமாகத்தான் களத்தில் இறங்குவார். இவருக்கோ நாடக நாயகனின் சிவப்புக் கோடு. நம் கபடி வீரருக்குக் கட்டபொம்மன் மீசையையும் தலைப்பாகையையும் மாட்டிவிட்ட மாதிரி. எனக்கு இது உறுத்துகிறது. எங்கோ ஒரு ஊரில் இதைப் பார்க்கும் குழந்தை, சுமோ இப்படித்தான் என்று நம்பிவிடும். (குழந்தை என்ன, டீச்சரே நம்பினேன்.) மாணவன் ஒப்புக்கொள்ளவில்லை. "சிவப்புன்னா வீரம்தானே டீச்சர்? நிறம் சரியாத்தான் இருக்கு. ஆளுதான் மாறிட்டாரு" என்கிறான். இந்த வாதம் எங்களுக்குள் இன்னும் முடியவில்லை.

பேரப்பிள்ளைகள் பார்க்கும் 'நருட்டோ' கதையில் ஜிராயா என்று நீண்ட வெள்ளை முடிக்காரர் வருகிறார். கண்ணிலிருந்து கன்னம் வரை இரண்டு சிவப்புக் கோடு, தவளை மந்திரம், கையை விரித்து ஒரு காலில் நின்று ஆர்ப்பாட்டமான அறிமுகம். அவரை 1999ல் தொடங்கிய காமிக்ஸ் புதிதாகப் பெற்றெடுக்கவில்லை. 1839லிருந்து பல வருடம் தொடர்கதையாக வந்து, 1852ல் கபுகி மேடையில் எட்டாம் தன்ஜூரோ நடித்த பாத்திரம் அது. காமிக்ஸுக்குப் போய், கார்ட்டூனுக்குப் போய், கம்ப்யூட்டர் விளையாட்டுக்கும் போய், 2018ல் நருட்டோவையே கபுகியாகத் தோக்கியோவில் நடித்தார்கள். பிறந்த வீட்டுக்குச் சீர் வரிசையோடு திரும்பி வந்தது போல.

2023ல் 'ஃபைனல் ஃபேண்டசி 10' என்ற விளையாட்டைக் கபுகி ஆக்கினார்கள். சுழலும் மேடையைப் பெரிய நாடக மேடைக்கு 1758லேயே கொண்டுவந்தவர்கள் கபுகிக்காரர்கள். இந்த முறை தோக்கியோ அரங்கில் பார்வையாளர்களின் இருக்கைகளே சுழன்றன.

இப்போது ஒகுனியிடம் வருகிறேன். 2007ல் சப்போரோ நகரத்து நிறுவனம் ஒன்று பாட்டுப் பாடும் ஒரு மென்பொருளை வெளியிட்டது. அதற்கு முகமாக ஒரு பெண்ணை வரைந்தார்கள், நீலப்பச்சையில் இரண்டு நீண்ட சடை. ஹட்சுனே மிக்கு என்று பெயர். உடம்பு கிடையாது, குரலும் கம்ப்யூட்டரே. 2016ல் இந்த மிக்கு, நகாமுரா ஷிதோ என்ற கபுகி நடிகரோடு ஒரே மேடையில் நடித்தாள். 1747ல் பொம்மலாட்டமாகத் தொடங்கிய 'ஆயிரம் செர்ரி மரங்கள்' என்ற புகழ்பெற்ற நாடகத்தை ஒட்டி எழுதிய கதை. அந்தப் பழைய நாடகத்தில் ஒரு மந்திர மத்தளம் வரும், அதன் பெயரும் ஹட்சுனேதான்! ரசிகர்கள் ஒளிரும் குச்சிகளை ஆட்டிக்கொண்டே கூவினார்கள். 2019ல் கியோத்தோவின் மினாமி-சா அரங்கத்துக்கும், 2023 டிசம்பரில் தோக்கியோ கபுகி-சா அரங்கத்துக்கும் அவள் வந்தாள். மினாமி-சா எங்கே இருக்கிறது என்று வரைபடத்தில் தேடினேன். கமோ ஆற்றங்கரையில். 1603ல் ஒகுனி ஆடிய அதே ஆறு.

பெண்ணை விலக்கி வைத்த மேடைக்கு, உடம்பே இல்லாத ஒரு பெண் வரலாம் என்றால் என்ன சொல்ல? எனக்கு முதலில் எரிச்சலாகத்தான் இருந்தது. தடை போட்ட சட்டம் போய் எத்தனையோ காலம் ஆகிறது, இன்றும் பெரும்பாலும் ஆண்களே நடிக்கிறார்கள். ஆனால் ஒன்னகாத்தா நடிகர்களின் கைவிரல் அசைவைப் பார்த்தபின் எரிச்சலோடு கொஞ்சம் மரியாதையும் சேர்ந்துவிட்டது. இரண்டும் இருக்கட்டும்.

கடைசியாக ஒன்று. நாடகம் முடிந்ததும் சில நடிகர்கள் ஒரு துணியை முகத்தில் வைத்து அழுத்தி எடுப்பார்கள். கோடுகள், வியர்வை எல்லாம் அதில் அப்படியே பதியும். 'ஒஷிகுமா' என்று பெயர். ரசிகர்கள் அதைப் பத்திரமாக வைத்துக்கொள்வார்களாம். மிக்குவிடம் அப்படி ஒரு துணி கேட்க முடியாது.

இதையெல்லாம் எழுதி முடித்து, பதிவு போடும் முன் மாணவனுக்குப் போனில் வாசித்துக் காட்டினேன். அந்தத் தாளைக் கிழித்ததற்காக வருத்தமும் தெரிவித்தேன். அவனுக்குத் தாளைக் கிழித்தது ஞாபகமே இல்லையாம். பஸ் காசைத் தொலைத்துவிட்டு அன்று நாலு கிலோமீட்டர் நடந்தே வீட்டுக்குப் போனதுதான் ஞாபகம் இருக்கிறதாம்.